ஹன்னா ஷிகுல்லா: எந்தப் படத்திலிருந்து தொடங்குவது?

வணக்கம். ‘எஃபி பிரீஸ்ட்’ (1974) பார்த்துவிட்டு ஜெர்மன் நடிகை ஹன்னா ஷிகுல்லாவின் நடிப்பு மரத்துப்போனதாகத் தோன்றியது என்றும், திரைப்படச் சங்கத்தில் அவருடைய படங்களை எந்த வரிசையில் திரையிடுவது என்றும் கேட்டிருந்தீர்கள். அந்தப் படத்தைத் தொடக்கமாக வைக்க வேண்டாம். இயக்குநர் ஃபாஸ்பிண்டரே கதைசொல்லியாகக் குரல் கொடுத்து, காட்சிகளின் முடிவை வெள்ளை நிறமாக மங்கச் செய்து, நடிகர்களை வேண்டுமென்றே விலக்கி நிறுத்திய படம் அது. பாத்திரத்தைப் புரிந்துகொள்வதில் அவருக்கும் ஷிகுல்லாவுக்கும் கருத்து வேறுபாடு முற்றியதால், அதன்பின் சில ஆண்டுகள் அவர்கள் சேர்ந்து பணியாற்றவில்லை.

அவர்கள் மீண்டும் இணைந்த ‘மரியா பிரவுனின் திருமணம்’ படத்திலிருந்து தொடங்குங்கள். குண்டுவீச்சில் பதிவு அலுவலகச் சுவர் பெயர்ந்து விழ, இடிபாடுகளுக்கிடையே தரையில் படுத்தபடியே திருமணப் பத்திரத்தில் கையெழுத்து வாங்கும் முதல் காட்சியிலேயே, பிடிவாதமும் கணக்கும் கலந்த அந்தப் பெண்ணை ஷிகுல்லா நிலைநிறுத்திவிடுகிறார். 1979 பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி விருது இதற்குத்தான் கிடைத்தது.

ஃபாஸ்பிண்டர் 1982இல் மறைந்தபின் ஷிகுல்லாவின் கலைப்பயணம் முடிந்துவிடவில்லை. மார்கோ ஃபெரேரியின் இத்தாலியப் படத்துக்காக 1983இல் கான் விழாவில் சிறந்த நடிகை விருது பெற்றார். ஆனால் உங்கள் இரண்டாம் திரையிடலுக்கு ஃபாத்தி அகினின் ‘தி எட்ஜ் ஆஃப் ஹெவன்’ (2007) படத்தையே பரிந்துரைப்பேன். மகளை இழந்த தாயாக வரும் ஷிகுல்லா இஸ்தான்புல் விடுதி அறையில் தனியே கதறுவதைக் கேமரா மேலிருந்து அசையாமல் பார்க்கும் காட்சி அதில் உண்டு. ‘எஃபி பிரீஸ்ட்’ மூன்றாவதாக வரட்டும்.