எர்பெனின் 'பூங்கொத்து': எங்கிருந்து தொடங்குவது?

வாசகர் கேள்வி: செக் இசையமைப்பாளர் துவோர்ஷாக்கின் 'நீர்ப்பூதம்' இசையைக் கேட்டுவிட்டு, அதற்கு மூலமான 'பூங்கொத்து' என்ற செக் கதைப்பாடல் தொகுப்பை ஆங்கிலத்தில் வாங்கினேன். முதல் பாடலிலேயே நின்றுவிட்டேன். வரிசையாகத்தான் படிக்க வேண்டுமா? நாட்டுப்புறக் கதைகள்தானே, என் ஒன்பது வயது மகளுக்குப் படித்துக் காட்டலாமா?

பதில்: முதல் தடவை வரிசை வேண்டாம். மகளுக்கு எல்லாவற்றையும் படித்துக் காட்டவும் வேண்டாம்.

கரெல் யரோமீர் எர்பென் பிராக் நகர ஆவணக் காப்பகத்தில் வேலை பார்த்தவர். நாட்டுப்பாடல்களையும் கதைகளையும் ஆயுள் முழுக்கச் சேகரித்தவர். 1853-இல் வந்த இந்தப் புத்தகம் அவர் சேகரித்ததை அப்படியே அச்சிட்டதல்ல; பழைய கதைகளை எடுத்துக்கொண்டு அவரே எழுதிய கவிதைகள். முதல் பாடலில் இறந்துபோன தாய், அனாதையான பிள்ளைகளுக்காகத் தன் கல்லறைமேல் சிறு பூவாக முளைக்கிறாள். அது வாசலில் மாட்டிய முகவுரை மாதிரி. மற்றதைப் படித்த பிறகுதான் அதன் கனம் தெரியும், அதனால் நீங்கள் அங்கே நின்றதில் ஆச்சரியமில்லை.

'உச்சிவேளைப் பேய்' பாடலில் தொடங்குங்கள். சில நிமிடங்களில் முடிந்துவிடும். அடுப்பில் மதியச் சமையல், புருஷன் வருகிற நேரம், பெஞ்சு ஓரத்தில் பிள்ளை வீறிட்டு அழுகிறது. இந்தா சிப்பாய், இந்தா வண்டி, இந்தா சேவல் என்று அம்மா பொம்மைகளைக் கொடுக்கிறாள். எல்லாம் பறந்து மூலையில் போய் விழுகின்றன. கோபத்தில் அவள், 'உச்சிவேளைப் பேயே, வந்து இவனைப் பிடித்துக்கொண்டு போ' என்கிறாள். அது நிஜமாகவே வந்துவிடுகிறது: குட்டையாக, பழுப்பு நிறத்தில், தலையில் முக்காடு, கையில் கோல், வளைந்த கால்கள். பன்னிரண்டு மணி அடிக்கிறது. அப்பா கதவைத் திறந்தால் அம்மா மயங்கிக் கிடக்கிறாள். அவளை எப்படியோ தெளிய வைக்கிறார். அவள் மார்போடு இறுக்கியிருந்த பிள்ளை மூச்சடைத்துச் செத்திருக்கிறது. கொன்றது பேயா, பயத்தில் அணைத்த கைகளா? எர்பென் சொல்லவில்லை. என்னைக் கேட்டால் தொகுப்பிலேயே சிறந்தது இதுதான்.

அப்புறம் 'நீர்ப்பூதம்'. அம்மா தடுத்தும் கேட்காமல் ஏரிக்குப் போகிற மகள் தண்ணீருக்குள் விழுந்து பூதத்தின் மனைவியாகிறாள். ஒரே ஒரு நாள் தாய்வீட்டுக்கு வர அனுமதி கிடைக்கிறது. அவளைத் திரும்ப விடாமல் பிடித்து வைக்கிறாள் அம்மா. விலையாகப் போவது பேரக்குழந்தை. இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால் ஒன்று புரியும்: இரண்டிலும் பிள்ளையைப் பலிவாங்குவது தாயின் ஒரு சொல், ஒரு பிடி.

இந்த ஜோடி தற்செயல் அல்ல. முதல் பதிப்பில் பன்னிரண்டு பாடல்கள். முன்னிருந்து நான்காவதும் பின்னிருந்து நான்காவதும் இவைதான். இரண்டாவதான 'புதையல்' பாடலில் தாய் பொன்னாசையில் பிள்ளையைக் குகைக்குள் விட்டுவிட்டு, ஓராண்டு கழித்துத் திரும்பப் பெறுகிறாள். கடைசிக்கு முந்தையதான 'மகளின் சாபம்' பாடலில் தன் குழந்தையைக் கொன்ற மகள் தாயையே சபிக்கிறாள். மற்றவற்றையும் இப்படி இரு முனையிலிருந்தும் சேர்த்துப் படித்துப் பாருங்கள். ஒரு எச்சரிக்கை: 1861-இல் வந்த இரண்டாம் பதிப்பில் 'லில்லி' என்ற பதின்மூன்றாவது பாடல் நுழைந்தது. எண்ணும்போது அதை விட்டுவிடுங்கள், இல்லையென்றால் கணக்கு இடிக்கும்.

மகளுக்கு? 'புதையல்' தாராளமாக. 'கல்யாணச் சட்டைகள்' பயமுறுத்தும். செத்த காதலன் நடுராத்திரியில் வந்து பெண்ணை இடுகாட்டுக்கு அழைத்துப் போகிற கதை. ஆனால் சேவல் கூவி அவள் பிழைத்துவிடுகிறாள். பேய்க்கதை பிடிக்கிற பிள்ளை என்றால் சரி. 'பொன் ராட்டை' சுபமாகத்தான் முடிகிறது, ஆனால் அதை நம்பிப் படிக்க உட்காராதீர்கள். கை, கால், கண்ணை வெட்டியெடுக்கிற இடம் நடுவில் வருகிறது. மேலே சொன்ன 'உச்சிவேளைப் பேய்', 'நீர்ப்பூதம்', 'மகளின் சாபம்' மூன்றும் இப்போதைக்கு வேண்டாம்.

இசையைப் பொறுத்தவரை, துவோர்ஷாக் 1896-இல் 'நீர்ப்பூதம்', 'உச்சிவேளைப் பேய்', 'பொன் ராட்டை', 'சின்னப் புறா' நான்கையும் வாத்திய இசையாக்கினார். படித்துவிட்டுக் கேளுங்கள். 'பொன் ராட்டை' கேட்கும்போது மட்டும் செக் மூலத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டால் நல்லது. மொழி தெரியாவிட்டாலும் பரவாயில்லை. எர்பெனின் அடிகளுக்கு மெட்டுப் போடுவதுபோலத்தான் அதில் பல மெட்டுகளை அமைத்திருக்கிறார். அசைகளைக் கண்ணால் தொடர்ந்தாலே வயலின் எந்த வரியில் இருக்கிறது என்று பிடித்துவிடலாம்.