வேலை இருக்கிறது, ஆள் இல்லை: வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

ஆள் தட்டுப்பாட்டைப் பற்றி இம்மாதம் வந்த கடிதங்கள் வழக்கத்தைவிட அதிகம். ஆகவே மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்கு ஒதுக்கிவிட்டு, இவற்றுக்கு மட்டும் இங்கே பதில் எழுதியிருக்கிறேன்.

கேள்வி: கோவை ஆவாரம்பாளையத்தில் பம்ப் உதிரிபாகங்களைக் கடைந்து கொடுக்கும் சிறு பட்டறை நடத்துகிறேன். வங்கிக் கடனில் வாங்கிய இரண்டாவது சி.என்.சி. இயந்திரம் (கணினிக் கட்டளைப்படி உலோகத்தைக் கடைவது), ஆபரேட்டர் கிடைக்காமல் நான்கு மாதங்களாக நிற்கிறது. இது நம் ஊருக்கு மட்டும் வந்த குறையா, உலகம் முழுவதும் இப்படித்தானா? (பட்டறை உரிமையாளர், கோவை)

பதில்: உலகம் முழுவதும் இந்தப் புலம்பல் கேட்கிறது, காரணம்தான் நாட்டுக்கு நாடு வேறு. மேன்பவர்குரூப் என்னும் பன்னாட்டு ஆள்சேர்ப்பு நிறுவனம், தேவையான திறனுள்ள ஆட்கள் கிடைப்பது கடினமாக இருக்கிறதா என்று ஆண்டுதோறும் முதலாளிகளிடம் கேட்டு வருகிறது. 2014-ஆம் ஆண்டில் 36 சதவீதத்தினர் ஆம் என்றார்கள். 2024-இல் அது 75 சதவீதமாகிவிட்டது. ஜப்பானில் 85, ஜெர்மனியில் 82, இந்தியாவில் 81. கேட்பது ஆள் சேர்த்துக் கொடுப்பதையே தொழிலாகக் கொண்ட நிறுவனம் என்பதையும், எந்தச் சம்பளத்துக்கு ஆள் கிடைக்கவில்லை என்பதை இந்த எண்கள் சொல்வதில்லை என்பதையும் மனத்தில் வைத்துக்கொண்டே இவற்றைப் படிக்க வேண்டும்.

ஜப்பானும் இந்தியாவும் இந்தப் பட்டியலில் அருகருகே நிற்பதுதான் வேடிக்கை. ஜப்பானில் வேலை செய்யும் வயதினரின் எண்ணிக்கை 1995-இல் உச்சத்தைத் தொட்டு, அதன்பின் இறங்கிக்கொண்டே இருக்கிறது. அங்கே இளைஞர்களே குறைவு. இங்கே சான்றிதழோடு வெளிவரும் இளைஞர்களுக்குக் குறைவில்லை. வரைபடத்தைப் படித்து, டூலைப் பொருத்தி, அதன் அளவை இயந்திரத்தில் பதிந்து (ஆஃப்செட் போட்டு), முதல் பீஸை மைக்ரோமீட்டரில் அளந்துவிட்டு ஓட்டத் தெரிந்தவர்களே அவர்களில் சிலர்தான்.

நிற்கும் இயந்திரத்தால் உங்களுக்கு நேரும் இழப்பு மாதத் தவணையோடு முடிவதில்லை என்பதை நீங்களே அறிவீர்கள். திருப்பி அனுப்பிய ஆர்டர் வேறொரு பட்டறையில் நிலைத்துவிடுகிறது. இருக்கும் ஒரே ஆபரேட்டர் இரண்டு ஷிஃப்ட் பார்த்துக் களைத்துப்போகும்போது ரிஜெக்‌ஷன் ஏறுகிறது. கடைசியில் முதலாளியே இயந்திரத்தின் முன் நிற்க நேர்ந்தால், வெளியே போய் ஆர்டர் பிடிக்கவும் பாக்கி வசூலிக்கவும் ஆளில்லாமல் போகிறது. பெரிய தொழிற்சாலையில் ஓர் இடம் காலியாக இருப்பது பத்தோடு பதினொன்று. ஐந்து பேர் வேலை செய்யும் இடத்தில் அது தொழிலில் ஐந்தில் ஒரு பங்கு.

கேள்வி: இருபது ஆண்டுகளாக வெல்டராக இருக்கிறேன். ஆள் இல்லை என்று அழுகின்ற முதலாளிகள், கூலியை உயர்த்தினால் ஆள் தானாக வரமாட்டார்களா? (அம்பத்தூர்)

பதில்: உங்கள் கேள்வி ஏறக்குறைய 675 ஆண்டுப் பழையது. 1348-49இல் இங்கிலாந்தில் பிளேக் நோய் மக்களை வாரிக்கொண்டு போனபோது, மிஞ்சிய உழைப்பாளிகள் அதிகக் கூலி கேட்டார்கள். மூன்றாம் எட்வர்டு மன்னர் 1349-இல் ஒரு கட்டளை பிறப்பித்து, நோய்க்கு முன்பிருந்த கூலிக்கே வேலை செய்ய வேண்டும் என்றார். 1351-இல் நாடாளுமன்றம் அதைச் சட்டமாகவும் ஆக்கியது. கூலி உயர்வதை அந்தச் சட்டத்தால் நெடுநாள் தடுக்க முடியவில்லை.

2021-இல் அதே நாட்டில் லாரி ஓட்டுநர்கள் பற்றாமல் பெட்ரோல் நிலையங்கள் வறண்டு, அக்டோபர் மாதத்தில் இராணுவ வீரர்களே டேங்கர் ஓட்ட நேர்ந்தது. ஐரோப்பிய ஒன்றியத்தை விட்டு வெளியேறியதையும், கொரோனா காலத்தில் உரிமத் தேர்வுகள் நின்றுபோனதையும் எல்லோரும் காரணமாகச் சொன்னார்கள். ஓட்டுநர்கள் சொன்னது வேறு: குறைந்த ஊதியம், இரவில் வண்டியை நிறுத்த இடமில்லை, வழியில் நல்ல கழிப்பறைகூட இல்லை. ஊதியம் உயர்ந்தது, டெஸ்கோ போன்ற கடைகள் வேலைக்குச் சேரும் ஓட்டுநருக்கு 1,000 பவுண்டு தருவதாக அறிவித்தன.

ஆனால் கூலி உயர்வு ஏற்கெனவே திறன் பெற்றவரை ஒரு பட்டறையிலிருந்து இன்னொரு பட்டறைக்கு மாற்றுமே தவிர, நல்ல வெல்டர் ஒருவரை ஆறு மாதத்தில் உண்டாக்கிவிடாது. பெரிய நிறுவனம் பீஸுக்கு வைத்த விலையில் ஜாப் ஆர்டர் செய்பவரால், நினைத்த அளவு கூலியை உயர்த்தவும் முடிவதில்லை. இவ்வளவும் சொன்ன பிறகும், மூன்று ஆண்டுகளாக ஒரே கூலியைக் கொடுத்துக்கொண்டு ஆள் பஞ்சம் என்பவரிடம் எனக்கு அதிக இரக்கம் இல்லை.

கேள்வி: எங்கள் பாலிடெக்னிக் மாணவர்களுக்கு ஜெர்மனியின் தொழிற்பயிற்சி முறையை முன்மாதிரியாகச் சொல்லிவருகிறேன். அவ்வளவு நல்ல முறை இருந்தும் அங்கே ஏன் ஆள் பற்றாக்குறை? (ஆசிரியர், ஓசூர்)

பதில்: முன்மாதிரியாகச் சொல்வதில் தவறில்லை. அங்கே பயிற்சி மாணவர் வாரத்தில் மூன்று நான்கு நாள் நிறுவனத்திலும், மற்ற நாள்களில் தொழிற்பள்ளியிலும் கற்கிறார். இரண்டு முதல் மூன்றரை ஆண்டுகள் நீளும் இந்தக் காலத்தில் நிறுவனமே அவருக்கு உதவித்தொகை தருகிறது. 1969-ஆம் ஆண்டின் தொழிற்கல்விச் சட்டம் இதை நாடு முழுவதற்கும் ஒழுங்குபடுத்தியது. இறுதித் தேர்வை நடத்துவது, பயிற்சி தந்த முதலாளி அல்லர். அந்த வட்டாரத்தின் தொழில் வர்த்தகக் கழகமோ கைவினைஞர் கழகமோ நடத்துகிறது. இந்தக் கழகங்களில் உறுப்பினராவது நிறுவனங்களுக்குக் கட்டாயம். ஆகவே சான்றிதழுக்கு ஹாம்பர்க்கிலும் மியூனிக்கிலும் ஒரே மதிப்பு. பயிற்சியாளர் ஓர் ஊரில் கற்று வேறோர் ஊரில் வேலைக்குப் போனாலும், அந்த ஊர் முதலாளியும் எங்கோ ஒருவருக்குப் பயிற்சி தந்திருப்பார் என்ற நம்பிக்கை இருக்கிறது.

இந்த ஏற்பாட்டால் பிறக்காத பிள்ளைகளுக்குப் பயிற்சி தர இயலாது. அன்று கிழக்கு, மேற்கு என்று பிரிந்திருந்த இரண்டு ஜெர்மனிகளிலும் சேர்த்து 1964-இல் பிறந்த குழந்தைகள் 13.5 லட்சத்துக்கும் மேல். 2011-இல் பிறந்தவர்கள் சுமார் 6.6 லட்சம். முன்னவர்கள் 67 வயதாகி 2031-இல் ஓய்வு பெறும்போது, பின்னவர்களுக்கு 20 வயது நடக்கும். இரண்டு பேர் எழுந்துபோகும் இருக்கைகளுக்கு ஒருவர் வருகிறார் என்று வைத்துக்கொள்ளலாம். அந்த ஒருவரும் பட்டறையைவிடப் பல்கலைக்கழகத்தையே விரும்புகிறார்.

2022-இன் இறுதிக் காலாண்டில் அங்கே நிரப்பப்படாத பணியிடங்கள் ஏறத்தாழ 20 லட்சத்தைத் தொட்டன. வேலையை வைத்துக்கொண்டு ஆளைத் தேடிய முதலாளிகள் அரசை நெருக்க, அதற்கு முன்பே 2020 மார்ச்சில் திறன்மிகு தொழிலாளர் குடியேற்றச் சட்டம் வந்தது. அது 2023-இல் தளர்த்தப்பட்டது. வேலை உறுதியாகாமலே போய்த் தேடிக்கொள்ள வழிசெய்யும் ‘வாய்ப்பு அட்டை’ 2024 ஜூனில் வந்தது. அதே ஆண்டு அக்டோபரில், இந்தியத் திறனாளர்களுக்கான விசாவை ஆண்டுக்கு 20,000-லிருந்து 90,000-ஆக உயர்த்துவதாக அந்நாடு அறிவித்தது. உங்கள் மாணவர்களிடம் இதையும் சொல்லுங்கள். ஜெர்மன் மொழி கற்காமல் இந்த வாசலில் நுழைவது எளிதல்ல என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

கேள்வி: எங்களிடம் ஆறு லாரிகள் இருக்கின்றன, டிரைவர் நான்கு பேர்தான். டிரைவர் மகன் டிரைவராக வருவதில்லை. மற்ற நாடுகளில் என்ன செய்கிறார்கள்? (நாமக்கல்)

பதில்: ஜப்பானைப் பாருங்கள். அங்கே லாரி ஓட்டுநரின் கூடுதல் வேலை நேரம் ஆண்டுக்கு 960 மணிக்கு மேல் போகக்கூடாது என்ற வரம்பு 2024 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. உடல் தேய ஓட்டி ஓட்டி ஓட்டுநர்கள் இறந்துபோவதைத் தடுக்க வந்த நல்ல விதி அது. ஆனால் கூடுதல் நேரத்தை நம்பியே ஓடிக்கொண்டிருந்த தொழில் திணறியது. ஒன்றும் செய்யாமல் விட்டால் 2030-இல் நாட்டின் சரக்கில் சுமார் 34 சதவீதத்தைச் சுமக்க வழியிருக்காது என்று அரசே கணக்கிட்டது.

நிறுவனங்கள் மாற்று வழிகளைத் தேடின. தொலைதூரப் பயணத்தை இரண்டாகப் பிரித்து, நடுவழியில் ஓட்டுநர்கள் வண்டியை மாற்றிக்கொண்டு அன்றிரவே வீடு திரும்பும் ரிலே முறை பரவியது. லாரியில் போன சரக்கு, ரயிலுக்கும் கப்பலுக்கும் மாறியது. போட்டி நிறுவனங்களே ஒரே லாரியில் சரக்கை ஏற்றின. 2019-இல் தொடங்கிய ‘குறிப்பிட்ட திறன்’ விசாவில் 2024-இல் வாகன ஓட்டுநர் பணியும் சேர்க்கப்பட்டது. இவ்வளவு செய்தும் சிறு நிறுவனங்கள் சாய்ந்தன. எல்லாத் தொழில்களையும் சேர்த்து, ஆள் இல்லாமலே திவாலான நிறுவனங்கள் 2024-இல் 300-க்கு மேல் என்று டெய்கோகு டேட்டாபேங்க் என்னும் கடன்தர ஆய்வு நிறுவனம் கணக்கெடுத்தது. கடையில் ஆர்டர் நிறைந்திருக்க, கடை மூடப்படுவது புதுவகைத் திவால்.

உங்கள் ஊரில் டிரைவர் மகன் ஏன் வருவதில்லை என்பதற்கு அவனுடைய அம்மாவிடம் பதில் இருக்கும்: தகப்பன் மாதத்தில் எத்தனை நாள் வீட்டில் இருந்தான் என்று. புதிய லாரிகளில் கேபினுக்கு ஏ.சி. கட்டாயம் என்னும் விதி 2025-இல் வந்திருக்கிறது, நல்லதுதான். அதைவிட, பத்து நாளுக்கு ஒருமுறையாவது வீடு திரும்பும்படி ட்ரிப்பை வகுத்துக் கொடுக்கும் முதலாளியிடம் ஆள் தங்குவதாக உங்கள் ஊர்க்காரர்களே சொல்லக் கேட்டிருக்கிறேன்.

கேள்வி: அமெரிக்காவைப் போலப் பணம் உள்ள நாட்டுக்கும் இந்தத் தொல்லை உண்டா? (மதுரை)

பதில்: உண்டு. அரிசோனாவில் சிப் தொழிற்சாலை கட்டிய தைவானின் டி.எஸ்.எம்.சி. நிறுவனம், நுட்பமான கருவிகளைப் பொருத்தத் தெரிந்த ஆட்கள் போதவில்லை என்று கூறி, 2024-இல் தொடங்கவிருந்த உற்பத்தியை 2025-க்குத் தள்ளுவதாக 2023 ஜூலையில் அறிவித்தது. தைவானிலிருந்து ஆட்களை அழைத்தபோது உள்ளூர்த் தொழிற்சங்கங்கள் எதிர்த்தன. 2025 செப்டம்பரில் ஜார்ஜியாவில் ஹூண்டாய்-எல்.ஜி. பேட்டரி ஆலையின் கட்டுமான இடத்தில் குடியேற்ற அதிகாரிகள் நுழைந்து சுமார் 475 பேரைப் பிடித்தார்கள். அவர்களில் 300-க்கு மேற்பட்டவர்கள் கொரியர்கள். தொழிற்சாலையும் உள்ளே வரவேண்டும், அதை நிறுவத் தெரிந்தவர்கள் வெளியே நிற்கவேண்டும் என்றால் எப்படி?

கேள்வி: மகள் பி.எஸ்சி. நர்சிங் முடித்து இரண்டு ஆண்டு அனுபவம் பெற்றிருக்கிறாள். ஐரோப்பாவுக்கு அனுப்புவதாக ஓர் ஏஜென்ட் நான்கு லட்சம் கேட்கிறார். கொடுக்கலாமா? (நாகர்கோவில்)

பதில்: கொடுக்காதீர்கள். உலக சுகாதார நிறுவனத்தின் மதிப்பீட்டில் 2023-இல் உலகுக்குப் பற்றாத செவிலியர்கள் 58 லட்சம். தேவை அவர்களுடையது, பணத்தை நீங்கள் கட்டுவானேன்? குடிபெயர்வுச் சட்டத்தின்படி பதிவு பெற்ற முகவர் வாங்கக்கூடிய கட்டணம் 30,000 ரூபாயும் அதற்கான ஜி.எஸ்.டி.யும்தான். முகவர் பதிவு பெற்றவரா என்பதை மத்திய அரசின் இ-மைக்ரேட் இணையதளத்தில் பார்த்துக்கொள்ளலாம். தமிழக அரசின் அயல்நாட்டு வேலைவாய்ப்பு நிறுவனம் 1978 முதல் இயங்குகிறது. முதலில் அங்கே விசாரியுங்கள். ஜெர்மனி என்றால் பி2 என்னும் மேல் இடைநிலை வரை மொழி கற்று, பட்டத்துக்கு அந்நாட்டின் அங்கீகாரமும் பெற்ற பிறகே அவர் முழுச் செவிலியராகப் பணியாற்ற முடியும். அதுவரை உதவியாளர் ஊதியமே கிடைக்கக்கூடும் என்பதால், ஒப்பந்தத்தில் அந்தக் காலத்துக்கு என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள்.

கேள்வி: பையன்களைச் சேர்த்து ஒன்றரை ஆண்டு தொழில் கற்றுக்கொடுத்தேன். பக்கத்துக் கம்பெனி இரண்டாயிரம் அதிகம் தருகிறது என்று மூவரும் போய்விட்டார்கள். இனி எதற்குப் பயிற்சி? சான்றிதழ்களை வாங்கி வைத்துக்கொண்டால் என்ன? (திருமுடிவாக்கம்)

பதில்: சான்றிதழை வாங்கி வைக்காதீர்கள், அது முறையும் அல்ல, அந்தச் செய்தி பரவினால் அடுத்த பையன் உங்கள் வாசலை மிதிக்கவும் மாட்டான். உங்கள் வருத்தம் நியாயமானது. ஆனால் இந்தக் கடிதங்களில் நான் காணும் முடிச்சும் இதுவேதான்: பயிற்சி தந்தவர் இழக்கிறார், தராதவர் கொத்திக்கொண்டு போகிறார், ஆகவே எல்லோரும் தராதவராகவே இருக்கப் பார்க்கிறார்கள். பத்து ஆண்டு கழித்துக் கொத்திக்கொண்டு போவதற்கும் யாரும் இருப்பதில்லை.

தனி ஒருவர் அவிழ்க்கக்கூடிய முடிச்சல்ல இது. 1961-ஆம் ஆண்டின் தொழிற்பழகுநர் சட்டப்படி, 30 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் நிறுவனங்கள் தம் ஆள்பலத்தில் 2.5 முதல் 15 சதவீதம் வரை பழகுநர்களை (அப்ரண்டிஸ்களை) சேர்க்க வேண்டும். நான்கு முதல் 29 பேர் வரை உள்ளவர்களுக்கு அது விருப்பம். தேசியத் தொழிற்பழகுநர் ஊக்குவிப்புத் திட்டத்தில் உதவித்தொகையின் 25 சதவீதத்தை, மாதம் 1,500 ரூபாய் வரை, மத்திய அரசு ஏற்கிறது. தமிழக அரசு டாடா டெக்னாலஜீஸுடன் சேர்ந்து 71 அரசு ஐ.டி.ஐ.களைப் புதிய இயந்திரங்களோடு மேம்படுத்தியிருக்கிறது. உங்கள் தொழிற்பேட்டைச் சங்கத்தில் பத்துப் பேர் சேர்ந்து, ஆளுக்கு இரண்டு பழகுநர் என்று எழுதிக்கொண்டால், போகிறவன் பக்கத்துக் கம்பெனிக்குப் போனாலும் அங்கிருந்து ஒருவன் உங்களிடம் வருவான்.

இன்னொன்று, ஜெர்மானியரிடம் கடன் வாங்கக்கூடியது: அங்கே பழகுநரின் உதவித்தொகை ஆண்டுக்கு ஆண்டு உயர வேண்டும் என்பது சட்டம். சேரும் நாளிலேயே ஆறாம் மாதம் இவ்வளவு, ஓர் ஆண்டில் இவ்வளவு, தனியாக செட்டிங் போடும் நாளில் இவ்வளவு என்று தாளில் எழுதிக் கொடுங்கள். உங்கள் பையன்கள் இரண்டாயிரத்துக்காகப் போனார்கள் என்கிறீர்கள். ஒன்றரை ஆண்டில் அவர்கள் சம்பளம் எத்தனை முறை ஏறியது என்று நீங்கள் எழுதவில்லை.

முதல் கடிதம் எழுதிய ஆவாரம்பாளையம் வாசகருக்கும் இதே கணக்குதான். நான்கு மாதம் நின்ற இயந்திரத்துக்குக் கட்டிய தவணையையும், அதே நான்கு மாதம் இரண்டு ஐ.டி.ஐ. பழகுநர்களுக்குத் தந்திருக்க வேண்டிய உதவித்தொகையையும் ஒரு தாளில் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்த்து, விடையை எனக்கு அனுப்பி வையுங்கள்.