ஒற்றைப்படை எண்ணில் பொயின்டைப் புதைக்காதீர்கள்

கேள்வி: அண்ணா, நான் கல்முனையில் இருந்து எழுதுகிறேன். நாங்கள் ஐந்து பேர் ஞாயிறு பின்னேரங்களில் கூடி டன்ஜன்ஸ் அன்ட் டிராகன்ஸ் விளையாடுகிறோம், ஆளுக்கொரு பாத்திரமாகி டைஸ் உருட்டிக் கதையை நகர்த்துகிற ஆட்டம். 2024 ரூல்ஸ். என்னுடையது மனித ஃபைட்டர், அதாவது போர்வீரன், லெவல் 3, கையில் கிரேட்ஸ்வோர்ட் என்ற இருகை வாள், உடம்பில் செயின் மெயில் என்ற சங்கிலிக் கவசம். ஒரு வீடியோவில் சொன்னபடி பாத்திரத்தின் ஆறு திறனுக்கும் செலவழிக்கத் தருகிற 27 பொயின்டையும் பிரித்து, ஸ்ட்ரெங்த் (பலம்) 15, டெக்ஸ்டெரிட்டி (சுறுசுறுப்பு) 13, கொன்ஸ்டிடியூஷன் (உடல் உறுதி) 13, இன்டெலிஜென்ஸ் (அறிவு) 11, விஸ்டம் (விவேகம்) 11, கரிஸ்மா (ஆளுமைக் கவர்ச்சி) 10 என்று எடுத்தேன். பாத்திரத்தின் முன்கதையாக எடுத்த சோல்ஜர் பேக்ரவுண்டில் வந்த கூடுதலில் 2ஐ டெக்ஸ்டெரிட்டிக்கும் 1ஐ கொன்ஸ்டிடியூஷனுக்கும் போட்டேன், அடி படாமல் தப்பலாம் என்று. ஆனால் என் வெட்டு அடிக்கடி தவறுகிறது, முதலில் விழுவதும் நான்தான். கொழும்பில் ஒருவர் கணக்குப் பார்த்துச் செய்த ‘பெர்ஃபெக்ட் ஷீட்’ (பாத்திரத்தின் எண்கள் எழுதிய தாள்), டைஸ் செட், ரூல் புத்தகம் மூன்றும் சேர்த்து 18,000 ரூபாய் என்கிறார், பாதி முன்பணம். வாங்கலாமா?

பதில்: தம்பி, முதலில் அந்தக் காசைக் கையில் வைத்திருங்கள். அந்த ஆளைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். உங்கள் ஷீட்டில் பெரிய பிழை ஒன்றும் இல்லை. இரண்டு இடத்தில் பொயின்ட் செத்துக் கிடக்கிறது, அவ்வளவுதான்.

இந்த ஆட்டத்தில் 15, 13, 11 என்று எழுதுகிற ஸ்கோர் நேரடியாக எதற்கும் கூட்டப்படுவதில்லை. டைஸோடு கூட்டப்படுவது மொடிஃபையர். ஸ்கோரில் இருந்து 10ஐக் கழித்து, இரண்டால் பிரித்து, அரை வந்தால் கீழ்ப்பக்கம் இறக்க வேண்டும். 14க்கு +2, 15க்கும் +2. 10க்கு 0, 11க்கும் 0. 9க்கு 0 என்று பலர் எழுதுகிறார்கள், அது பிழை. கீழே இறக்கினால் -1. 1974இல் கேரி கைகாக்ஸும் டேவ் ஆர்னசனும் இந்த விளையாட்டை வெளியிட்டபோது மூன்று டைஸ் உருட்டி 3 முதல் 18 வரை வந்ததை ஸ்கோராக எழுதினார்கள். இப்போதைய மொடிஃபையர் கணக்கு 2000இல் வந்த மூன்றாம் பதிப்பில் வந்தது. அன்றைக்கே ஸ்கோரைத் தூக்கி எறிந்துவிட்டு மொடிஃபையரை மட்டும் வைத்திருக்கலாம். பழைய பழக்கத்தை விட மனமில்லாமல் இரண்டையும் வைத்திருக்கிறார்கள், புதிதாக வருகிற ஒவ்வொரு பிள்ளையும் அதில் தடக்கி விழுகிறது.

இப்போது உங்கள் ஷீட்டைப் பாருங்கள். ஸ்ட்ரெங்த் 15, டெக்ஸ்டெரிட்டி 15, கொன்ஸ்டிடியூஷன் 14, பிறகு 11, 11, 10. மொடிஃபையராக எழுதினால் +2, +2, +2, 0, 0, 0. நான்கு ஸ்கோர் ஒற்றைப்படையில் நிற்கிறது. இன்டெலிஜென்ஸையும் விஸ்டத்தையும் 10இல் இருந்து 11க்கு ஏற்ற ஆளுக்கு ஒரு பொயின்ட் கொடுத்தீர்களே, அந்த இரண்டுக்கும் ஒன்றுமே கிடைக்கவில்லை.

இந்த யோசனை எங்கிருந்து வந்தது என்றும் எனக்கு விளங்குகிறது. நீங்கள் பார்த்த வீடியோ 2014 ரூல்ஸுக்குச் செய்தது. அந்த ரூல்ஸில் சாதாரண மனிதனுக்கு ஆறு ஸ்கோரிலும் ஒவ்வொன்று கூடும். நீங்கள் எடுத்த அதே எண்கள் அங்கே 16, 14, 14, 12, 12, 11 ஆகிவிடும். அருமையான ஷீட். 2024இல் மனிதனுக்கு அந்தக் கூடுதல் கிடையாது. கூடுதல் பேக்ரவுண்டில் இருந்து வருகிறது, ஒன்றுக்கு 2, இன்னொன்றுக்கு 1, அல்லது மூன்றுக்கு ஒவ்வொன்று. இரண்டு ரூல்ஸையும் ஆட்டத்தை வெளியிடுகிற கொம்பனி ஐந்தாம் பதிப்பு என்றே சொல்கிறது, இரண்டு புத்தகத்துக்கும் பிளேயர்ஸ் ஹேண்ட்புக் என்ற ஒரே பெயர். பத்து வருட இடைவெளியில் வந்த இரண்டு புத்தகத்துக்கு வேறு வேறு பெயர் வைப்பதில் அப்படி என்ன கஷ்டம்? அதனால் தம்பி, எந்த வீடியோவைப் பார்த்தாலும், எந்தப் போன் ஆப்பில் கணக்குப் போட்டாலும், அது எந்த வருட ரூல்ஸ் என்று முதலில் தேடுங்கள். வருடம் சொல்லாத ஆலோசனையை மூடி வைத்துவிடுங்கள்.

இரண்டாவது இடம் டெக்ஸ்டெரிட்டி. அது கூடினால் ஆர்மர் கிளாஸ், அதாவது ஏசி, கூடும் என்று நினைத்தீர்கள்; உங்கள் மேல் அடி பட எதிரியின் டைஸும் கூட்டலும் சேர்ந்து எட்ட வேண்டிய எண் அது. லெதர் போட்டவனுக்கு அது சரி. செயின் மெயில் போட்டவனுக்கு ஏசி 16, அதோடு முடிந்தது. டெக்ஸ்டெரிட்டி 8 ஆக இருந்தாலும் 16, 20 ஆக இருந்தாலும் 16. சண்டையில் யார் முதலில் அடிப்பது என்ற உருட்டலுக்கும், தீ வெடிக்கும்போது பாய்ந்து தப்புவதற்கும் அது உதவும், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் வாள் பிடிக்கிற கைக்குப் போக வேண்டிய 2ஐ அங்கே வைத்தது வீண்.

அந்த 2 ஸ்ட்ரெங்த்துக்குப் போயிருந்தால் என்ன நடக்கும்? 15 என்பது 17 ஆகும், மொடிஃபையர் +3. ஏசி 15 உள்ள கொப்ளின் என்ற ஒரு குட்டி அரக்கனை வெட்டுகிறீர்கள் என்று வைப்போம். இப்போது உங்கள் கூட்டல் ஸ்ட்ரெங்த் 2, பயிற்சிக்கு 2, மொத்தம் 4. இருபது முக டைஸில் 11 அல்லது அதற்கு மேல் விழ வேண்டும், அதாவது இருபதில் பத்து முகம். +5 ஆனால் 10 விழுந்தாலே போதும், பதினொரு முகம். ஒரே ஒரு முகம்தானே என்று தோன்றும். ஆனால் அதே ஸ்ட்ரெங்த் அடியின் பலத்திலும் கூடுகிறது. கிரேட்ஸ்வோர்டுக்கு இரண்டு ஆறுமுக டைஸ், சராசரி 7. இன்றைய ஷீட்டில் இருபது வெட்டில் பத்து படும், ஒவ்வொன்றும் 9, மொத்தம் 90. மாற்றிய ஷீட்டில் பதினொன்று படும், ஒவ்வொன்றும் 10, மொத்தம் 110. கால் பங்குக்குக் கொஞ்சம் குறைவாகக் கூடியிருக்கிறது. இதற்கு ஒரு பொயின்டும் கூடுதலாகச் செலவாகவில்லை, இடம் மட்டும் மாறியது.

27 பொயின்டை நான் பிரித்தால் இப்படி வரும். ஸ்ட்ரெங்த் 15, கொன்ஸ்டிடியூஷன் 15, இரண்டுக்கும் ஒன்பது ஒன்பது. டெக்ஸ்டெரிட்டி 12, விஸ்டம் 12, இரண்டுக்கும் நான்கு நான்கு. மிச்சம் ஒன்று கரிஸ்மாவுக்கு, அது 9. இன்டெலிஜென்ஸ் 8, செலவில்லை. சோல்ஜர் தருகிற 2 ஸ்ட்ரெங்த்துக்கு, 1 கொன்ஸ்டிடியூஷனுக்கு. முடிவில் 17, 12, 16, 8, 12, 9. மொடிஃபையர் +3, +1, +3, -1, +1, -1. 8இல் இருந்து 13 வரைக்கும் ஒவ்வொரு படியும் ஒரு பொயின்ட், 14க்கும் 15க்கும் ஏற இரண்டிரண்டு பொயின்ட். அந்த விலையைப் பார்த்துத்தான் நடுவில் இரண்டு 12 வைத்தேன். விஸ்டத்தை விட்டுவிடாதீர்கள்; மந்திரத்தால் ஆளைக் கட்டிப்போடுகிறவர்கள் பெரும்பாலும் அந்தப் பக்கத்தால்தான் வருவார்கள். கதைத்துக் காரியம் முடிக்கிற ஆள் உங்கள் ஐந்து பேரில் நீங்கள் என்றால் கரிஸ்மாவை 9இல் வைக்காதீர்கள். வேறு யாராவது அந்த வேலையைப் பார்க்கிறார்கள் என்றால் பிரச்சினை இல்லை.

ஒற்றைப்படை வீண் என்று சொல்லிவிட்டு 17 எழுதுகிறேனே என்று கேட்பீர்கள். இதை நிதானமாக வாசியுங்கள், கேட்கிறவர்களில் முக்கால்வாசிப் பேர் குழம்புகிற இடம் இது. ஃபைட்டருக்கு லெவல் 4இல் ஒரு ஃபீட், அதாவது ஒரு கூடுதல் சலுகை, கிடைக்கும். ஒரு வழி, ஒரு ஸ்கோரில் 2 கூட்டிக்கொள்வது, அல்லது இரண்டு ஸ்கோரில் ஒவ்வொன்று. இன்னொரு வழி, 1 கூட்டுவதோடு புதிய திறமை ஒன்றும் தருகிற ஃபீட்டை எடுப்பது. உங்களிடம் ஸ்ட்ரெங்த் 16 இருந்தால், 18க்குப் போக அந்த 2 முழுவதும் வேண்டும், புதிய திறமை கிடைக்காது. திறமைதான் வேண்டும் என்று எடுத்தால் 17இல் நின்றுவிடுவீர்கள், மொடிஃபையர் நகராது, அடுத்த வாய்ப்பு லெவல் 6இல். 17 இருந்தால் ஒரே நேரத்தில் இரண்டும் கிடைக்கும். கிரேட் வெப்பன் மாஸ்டர் என்ற ஃபீட்டை எடுத்தால் ஸ்ட்ரெங்த் 18 ஆகி மொடிஃபையர் +4, அதோடு உங்கள் முறையில் கிரேட்ஸ்வோர்டால் தாக்கிப் படுகிற வெட்டுக்குப் பயிற்சிக் கூட்டலும் அடியில் சேரும்.

ஆனால் இது லெவல் 4 வந்தால்தான். வராவிட்டால் உங்கள் வெட்டில் 17க்கும் 16க்கும் எந்த வித்தியாசமும் இல்லை. பரீட்சை வந்தது, ஒருவர் கட்டாருக்குப் போனார், இன்னொருவருக்குக் கலியாணம் என்று எத்தனையோ கூட்டம் லெவல் 3இலேயே கலைந்து போகிறது. உங்கள் ஆட்டமும் கெதியாக முடிகிற கதை என்றால் ஸ்ட்ரெங்த் 15, கொன்ஸ்டிடியூஷன் 14 என்று எடுத்து, சோல்ஜரின் 1ஐ முதலாவதுக்கும் 2ஐ இரண்டாவதுக்கும் போடுங்கள். இரண்டும் 16 ஆகிவிடும். மிஞ்சுகிற இரண்டு பொயின்டில் கரிஸ்மாவை 10 ஆக்கலாம், இன்டெலிஜென்ஸ் 9. ஆக, ஒற்றைப்படை எண்ணைப் பார்த்தால் கேட்க வேண்டிய கேள்வி, அடுத்த 1 எப்போது வரும், அதுவரை ஆட்டம் நடக்குமா என்பதுதான். உங்கள் 11க்கும் 11க்கும் எப்போதும் வராது.

முதலில் விழுவதைப் பற்றி. கொன்ஸ்டிடியூஷன் 14இல் இருந்து 16 ஆனால் லெவல் 3இல் உயிர்ப் பொயின்ட் 28இல் இருந்து 31க்குப் போகும். நல்லதுதான், ஆனால் அது உங்களைக் காப்பாற்றாது. கேடயம் காப்பாற்றும். 10 பொற்காசு விலை, ஏசி 18 ஆகும். +4 வைத்திருக்கிற கொப்ளின் இருபது தரம் அடித்தால் இன்று ஒன்பது படும், கேடயத்தோடு ஏழு. அதற்கு ஒரு கை வேண்டும், கிரேட்ஸ்வோர்டை விட்டுவிட்டு லோங்ஸ்வோர்டுக்கு வர வேண்டும், இருபது வெட்டுக்கு 110 என்பது 82 அளவில் இறங்கும். அப்படி மாறினால் கிரேட் வெப்பன் மாஸ்டரின் அந்தக் கூடுதல் அடியும் கிடைக்காது, அது கனமான ஆயுதத்துக்கு மட்டும். வெட்டவா தாங்கவா என்று நீங்களே முடிவெடுங்கள். உங்களோடு முன்னால் நிற்க இன்னொருவர் இருந்தால் நான் வாளை விடமாட்டேன்.

இனி அந்த 18,000 ரூபாய். தம்பி, இந்த ஆட்கள் எனக்குப் பழக்கம். ‘பெர்ஃபெக்ட் ஷீட்’ என்று யாராலும் விற்க முடியாது. ஆட்டத்தை நடத்துகிற உங்கள் டிஎம் எந்தப் புத்தகத்தை அனுமதிக்கிறார், கதை எத்தனை லெவல் போகும், மற்ற நான்கு பேர் என்ன எடுத்திருக்கிறார்கள் என்று தெரியாமல் செய்கிற ஷீட், அளவெடுக்காமல் தைத்த சட்டை. இரண்டு 18 உள்ள ஷீட்டைக் காட்டி, டைஸ் உருட்டி வந்தது என்பார்கள். நான்கு டைஸ் உருட்டி மிகச் சின்னதைத் தள்ளுகிற முறையில் ஒரு ஸ்கோர் 18 ஆக வருவதற்கு 1,296இல் 21 தரம்தான் வாய்ப்பு, நூற்றுக்கு இரண்டு கூட இல்லை. உங்கள் கூட்டம் விளையாடுவதோ 27 பொயின்ட் முறையில். அந்த முறையில் 15க்கு மேல் வாங்கவே முடியாது, பேக்ரவுண்டில் 2 கூட்டினாலும் 17தான். அப்படி ஒரு ஷீட்டோடு போனால் டிஎம் முதல் நாளே கிழித்துப் போடுவார்.

ரூல் புத்தகம் என்று அவர் தருவது பெரும்பாலும் போட்டோகொப்பி அல்லது டவுன்லோட் செய்த பைலைப் பிரின்ட் எடுத்துச் சுருள் கம்பி போட்டது. அதற்குக் காசு கொடுக்கத் தேவையே இல்லை. அடிப்படை ரூல்ஸை கொம்பனியே சிஸ்டம் ரெஃபரன்ஸ் டொக்கியுமென்ட் 5.2 என்ற பெயரில் 2025இல் இலவசமாக வெளியிட்டிருக்கிறது. ஃபைட்டர் அதில் இருக்கிறது, சோல்ஜர் பேக்ரவுண்ட் இருக்கிறது, 27 பொயின்ட் விலைப் பட்டியலும் இருக்கிறது. கிரேட் வெப்பன் மாஸ்டர் அதில் இல்லை, பெரிய புத்தகத்தில்தான். இலவசத்தில் உள்ள கிராப்ளர் ஃபீட்டும் ஸ்ட்ரெங்த்தில் 1 கூட்டும். கிரியேட்டிவ் கொமன்ஸ் உரிமம் என்பதால் மூலத்தைக் குறிப்பிட்டு யாரும் அதைத் தமிழில் மொழிபெயர்க்கலாம், அனுமதி கேட்க வேண்டியதில்லை. இங்கிலிஷ் தடுக்கிற ஒரே காரணத்தால் எங்கள் பிள்ளைகள் ஏஜென்டுகளிடம் போய் மாட்டுகிறார்கள். வந்தாறுமூலை, ஒலுவில் பல்கலைக்கழகங்களில் படிக்கிறவர்களில் நாலு பேர் சேர்ந்து அந்த ஃபைட்டர் பகுதியை மட்டும் தமிழாக்கினாலே பெரிய உதவி.

முன்பணம் கொடுக்கவே வேண்டாம். ‘பார்சல் கொழும்பில் நிற்கிறது, வரி கட்ட வேண்டும், இன்னும் கொஞ்சம் அனுப்புங்கள்’ என்பதுதான் அடுத்த மெசேஜாக வரும். உண்மையிலேயே பார்சலை வரவழைத்தவர்களுக்கும் நிம்மதி இல்லை. ஏழு பிளாஸ்டிக் டைஸுக்கு என்ன வரி என்று கேட்டால் ஒரு கவுன்டரில் ஒரு பதில், அடுத்த கவுன்டரில் வேறு பதில். தபால் கந்தோருக்கு ஒரு நாள் லீவு போட்டுப் போக வேண்டியிருக்கிறது. டைஸ் வரும்வரை போனில் உருட்டுங்கள், கூகுளில் தேடினாலே இருபது முக டைஸ் வரும். ‘லக்கி டைஸ்’ என்று யாராவது கூடுதல் விலை சொன்னால் ஒரு கிளாஸ் தண்ணீரில் உப்பைக் கரைத்துக்கொண்டே போய், டைஸ் மிதக்கும்போது சுண்டிச் சுண்டி விடுங்கள். ஒரே முகம் திரும்பத் திரும்ப மேலே வந்தால் அது ஒரு பக்கம் பாரமான டைஸ்.

ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் தொடங்குவதற்கு முன் டிஎம்மிடம் இரண்டு விஷயம் கேளுங்கள். பிழையான ரூல்ஸைப் பார்த்துப் பிரித்துவிட்டேன், ஸ்கோரை ஒரு தரம் மாற்ற விடுவாரா? கதை லெவல் 4ஐத் தாண்டுமா? முதலாவதுக்கு ஆம் என்றால், இரண்டாவது பதிலைப் பார்த்து 17 ஷீட்டையோ 16 ஷீட்டையோ எழுதிக்கொள்ளுங்கள். மாற்ற விடமாட்டேன் என்றால் இருக்கிற ஷீட்டோடு கேடயத்தை வாங்கிக் கையில் கட்டுங்கள். லெவல் 4 வந்ததும் ஸ்ட்ரெங்த்தில் 1, டெக்ஸ்டெரிட்டியில் 1 என்று போட்டால் இரண்டு 15ம் 16 ஆகிவிடும்.