பழம் கீழே போய்ச் சேர்வதற்குள் அழுகுகிறது என்றால்

மலைத் தோட்டத்து ஆப்பிளைக் கீழே இறக்கும் சுமைகூலி போக உங்கள் கையில் ஒன்றும் மிஞ்சவில்லை, பாதி ஆப்பிள் வழியிலேயே அழுகிவிடுகிறது, ஜாம் போடலாமா என்று எழுதியிருந்தீர்கள். படிக்கவே கஷ்டமாக இருந்தது.

ஆப்பிளில் சுமார் 85 விழுக்காடு தண்ணீர்தான். அந்தத் தண்ணீரைத்தான் கூலி கொடுத்து மலையிலிருந்து இறக்குகிறீர்கள். மெல்லிய வில்லைகளாக நறுக்கி உலர்த்திப் பாருங்கள். 10 கிலோ பழம் ஏறக்குறைய ஒன்றரைக் கிலோவாகச் சுருங்கிவிடும். பாதை அடைபட்டாலும் பயமில்லை, மாதக்கணக்கில் தாங்கும். மழை, மூடுபனி நாட்களில் வெயிலை நம்பாதீர்கள், பூஞ்சை பிடித்துவிடும். வெயில் அடிக்கும் நாட்களுக்கு, கண்ணாடி மூடிய சூரிய உலர்த்திப் பெட்டியை ஊர்த் தச்சரே செய்துவிடுவார். முழுதாக ஆறிய பிறகே காற்றுப் புகாத டப்பாவில் அடையுங்கள்.

அப்புறம், உங்கள் ஜாம் போடும் யோசனை. சர்க்கரையும் விறகும் மேலே ஏற வேண்டும், கண்ணாடிப் புட்டி கீழே இறங்க வேண்டும், மறுபடி சுமைதான். 3000 மீட்டர் உயரத்தில் தண்ணீர் 90 டிகிரியிலேயே கொதித்துவிடும். அதனால் சமவெளிக் கணக்கில் புட்டிகளைக் கொதிக்கவைத்தால் கிருமி சாகாமல் போகலாம். எனக்கு அது சரியாகப் படவில்லை.

தோட்டத்தை மட்டும் நம்பாமல் நாலைந்து தேனீப் பெட்டியும் வையுங்கள். தேன் கெடாது, பூக்கும் காலத்தில் மகரந்தச் சேர்க்கையும் கூடும். முதல் வருடம் அறுவடையில் கால்வாசியை மட்டும் உலர்த்துங்கள். வாங்க ஆள் இருக்கிறதா என்று அதிலேயே தெரிந்துவிடும்.