மெத்தை உறைக்குச் சாயம் ஏற்றலாமா?

கேள்வி: அக்கா, எங்கள் முற்றத்து மூங்கில் நாற்காலிகளின் மெத்தை உறைகள் நீல நிறம். வெயிலில் வெளுத்துப்போய்விட்டன, துணி கெட்டியாகத்தான் இருக்கிறது. வீட்டிலேயே மஞ்சள் சாயம் போடலாமா?
- வாசகி, கல்லிடைக்குறிச்சி

பதில்: போடலாம்மா. ஆனால் சாயம் வாங்குமுன் துணி என்னவென்று பாருங்கள். உள்மடிப்பிலிருந்து இரண்டு நூலை உருவித் தீயில் காட்டுங்கள். காகித வாடையோடு சாம்பலாக உதிர்ந்தால் பருத்தி. உருகிக் கறுப்பு மணியாக இறுகினால் பாலியஸ்டர், அதை விட்டுவிடுங்கள். அதற்கு வேறு சாயம், கொதிநிலைச் சூடு எல்லாம் வேண்டும். அப்புறம் உறைமேல் ஒரு சொட்டுத் தண்ணீர் விடுங்கள். ஊறாமல் உருண்டு நின்றால் மழைக்கான பூச்சு இருக்கிறது, சாயமும் உள்ளே இறங்காது.

வீரவநல்லூரில் தறிக்காரர் வீட்டில் நூலுக்குச் சாயம் முக்குவதைப் பார்த்து வளர்ந்தவள் நான். அங்கே சாயம் போடுவதைவிட நூலை அவித்து அலசுவதற்குத்தான் அதிகம் மெனக்கெடுவார்கள். உங்கள் உறையில் தலை சாயும் இடத்தில் எண்ணெய் இறங்கியிருக்கும். சோப்பும் சுடுதண்ணீருமாக அதைப் போக்காவிட்டால் அந்த இடம் மட்டும் திட்டாக நிற்கும்.

மஞ்சள் வேண்டாம். வெளுத்த நீலத்தின் மேல் மஞ்சள் ஏறினால் பச்சைதான் வரும். கருநீலம் போடுங்கள், பழைய திட்டும் மறையும், வெயிலுக்கும் கொஞ்சம் கூடுதலாகத் தாங்கும். தையல் நூல் பாலியஸ்டராக இருந்தால் அது பழைய நிறத்திலேயே தெரியும்.

குளிர்ந்த தண்ணீரில் பிடிக்கும் ரியாக்டிவ் சாயம் கேட்டு வாங்குங்கள். ஒரு கிலோ துணிக்கு 30 கிராம் சாயம், 20 லிட்டர் தண்ணீர். லிட்டருக்கு 50 கிராம் உப்பு. ஆற்றுத் தண்ணீர் கிடைத்தால் நல்லது, உவர்ப்பான போர் தண்ணீரில் நிறம் மங்கும். நனைத்த உறையைப் போட்டு அரைமணி நேரம் புரட்டிக்கொண்டே இருங்கள். பிறகு உறையை ஒதுக்கிவிட்டு, லிட்டருக்கு 20 கிராம் சோடா ஆஷைக் கரைத்து ஊற்றி, இன்னும் ஒரு மணி நேரம். சமையல் சோடா இதற்கு ஆகாது. சாயம் ஒட்டுவதே இந்தச் சோடாவால்தான்.

பொடியைக் கலக்கும்போது மூக்கைக் கட்டிக்கொள்ளுங்கள், கையுறையும் வேண்டும். அந்தப் பாத்திரம் மறுபடி அடுப்படிக்கு வரக் கூடாது.

சாயம் ஏறிய உறைக்கு முதலில் பச்சைத் தண்ணீர், அப்புறம் கொதிக்கும் சோப்புத் தண்ணீர். தண்ணீர் தெளிகிறவரை அலசுங்கள். இல்லாவிட்டால் சாரலில் நனைந்த உறைமேல் வெள்ளை வேட்டியோடு உட்காருகிறவர் பாடு கஷ்டம். நிழலில் காயப்போடுங்கள்.

அலசுவதற்குக் கன்னடியன் கால்வாய்க்குக் கொண்டுபோக வேண்டாம், கீழே ஆட்கள் குளிப்பார்கள். சாயம் அலசிய தண்ணீரைச் செடிக்கும் ஊற்றாதீர்கள், உப்பும் சோடாவும் வேரைக் கருக்கிவிடும்.