'இவ்வளவுதானா?' ஸ்ட்ரோக்ஸின் முதல் ஆல்பம்: கேட்டதும் சொன்னதும்

நியூயார்க்கின் 'த ஸ்ட்ரோக்ஸ்' குழு 2001இல் வெளியிட்ட முதல் ஆல்பம் 'இஸ் திஸ் இட்'. அதைப் பற்றி எது வேண்டுமானாலும் கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன் என்று சொல்லியிருந்தேன். நினைத்ததைவிட அதிகமாகவே கேட்டுவிட்டீர்கள். ஒரே மாதிரி இருந்த கேள்விகளைச் சேர்த்துவிட்டேன்.

கேள்வி: அண்ணா, முதலில் அடிப்படைச் சந்தேகம். கராஜ் ராக் என்றால் கார் ஷெட்டில் வாசிப்பதா?

சிரிக்க வேண்டாம், பெயர் அங்கிருந்துதான் வந்தது. 1960களில் அமெரிக்காவின் சின்ன ஊர்களில் பள்ளிக்கூடப் பையன்கள் ஆளுக்கொரு கிட்டாரை வாங்கிக்கொண்டு, அப்பாவின் காரை வெளியே தள்ளிவிட்டு அந்த இடத்தில் வாசித்துப் பழகினார்கள். மூன்று கார்டு (சேர்த்து ஒலிக்கும் சுரங்கள்) தெரியும், ஆம்ப் என்ற ஒலிபெருக்கி கரகரக்கும், பாடுகிறவன் கத்துவான். கிங்ஸ்மென் குழுவின் 'லூயி லூயி' (1963), டகோமா ஊரின் சோனிக்ஸ் எல்லாம் இந்த வம்சம். லென்னி கே 1972இல் 'நக்கெட்ஸ்' என்ற தொகுப்பில் இப்படிப்பட்ட பாட்டுகளைச் சேர்த்துக் கொடுத்தார். இல்லையென்றால் பாதி மறந்து போயிருக்கும்.

ஸ்ட்ரோக்ஸையும் இந்த வகையில்தான் சேர்ப்பார்கள். ஆனால் பையன்கள் ஐந்து பேரும் நியூயார்க்கின் நடுப்பகுதியான மன்ஹாட்டன்வாசிகள். அங்கே கார் ஷெட்டுக்கு எங்கே போவது! அவர்களிடம் இருந்தது அந்தக் கரகரப்பு மட்டும்தான்.

கேள்வி: ஹெட்ஃபோனில் கேட்டேன். பாடகர் பழைய லேண்ட்லைனில் பேசுவது போல இருக்கிறது. என் ஹெட்ஃபோன் போய்விட்டதா, ரெக்கார்டிங்கே அப்படித்தானா?

ஹெட்ஃபோன் நன்றாக இருக்கிறது. இதே கேள்வியை வேறு வேறு வார்த்தையில் நாலைந்து பேர் கேட்டிருந்தீர்கள். எனக்கும் மிகப் பிடித்த விஷயம் என்பதால் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

பாடகர் ஜூலியன் காசபிளாங்காஸின் குரல் நேராக டேப்புக்குப் போகவில்லை. வீட்டில் கிட்டார் பழகுவதற்கென்று விற்கும் சின்ன பீவி ஆம்ப் ஒன்றின் வழியாக அனுப்பி, அதிலிருந்து வந்ததைப் பதிவு செய்தார்கள். குரலின் ஓரங்கள் தேய்ந்து, நடுவில் உள்ள பகுதி மட்டும் தூக்கலாகக் கேட்பது அதனால்தான். நன்றாக உழைத்த ஜீன்ஸ் போல, கிழியாமலும் புதிதாகத் தெரியாமலும் குரல் இருக்க வேண்டும் என்று தயாரிப்பாளர் கார்டன் ராஃபேலிடம் காசபிளாங்காஸ் சொன்னாராம்.

ஸ்டுடியோவும் பெரிதல்ல. ஈஸ்ட் வில்லேஜில் 'டிரான்ஸ்போர்ட்டராம்' என்ற நிலவறை. டிரம்ஸுக்கு வைத்தது மூன்றே மைக். பெரும்பாலும் எல்லோரும் ஒரே அறையில் நின்று ஒன்றாக வாசித்தார்கள். அதற்கு முன்னால் பிக்சீஸ் குழுவை வைத்துப் பெயர் வாங்கிய தயாரிப்பாளர் கில் நார்ட்டனோடும் சில நாள் பதிவு செய்து பார்த்தார்கள். சுத்தமாக, பளிச்சென்று வந்தது. தூக்கிப் போட்டுவிட்டார்கள்.

இங்கேதான் பலர் தவறாகப் புரிந்துகொள்கிறார்கள். 'பையன்கள் அலட்சியமாக வாசித்ததை அப்படியே பதிந்துவிட்டார்கள்' என்று எழுதுவார்கள். 'லாஸ்ட் நைட்' பாட்டின் ஆரம்பத்தை மறுபடி கேளுங்கள். முதலில் ஒரே ஒரு கிட்டார் வெட்டி வெட்டிப் போகும். அப்புறம் இரண்டாவது கிட்டார் சேரும். முதலாவது விட்ட இடைவெளியில்தான் அது விழும், ஒன்றின் மேல் ஒன்று ஏறவே ஏறாது. ஆல்பர்ட் ஹாமண்ட் ஜூனியரும் நிக் வலென்சியும் முப்பத்தாறு நிமிடமும் இப்படியே ஒருவருக்கொருவர் வழி விட்டுத்தான் வாசிக்கிறார்கள். அலட்சியமாக வாசித்து இது வராது. மேலே கிழிசல் சட்டை, உள்ளே நூல் பிசகாத தையல். நிகழ்ச்சிகளுக்கு முன்பு மாதக்கணக்கில் இரவு இரவாகப் பயிற்சி செய்தவர்கள் அவர்கள்.

கேள்வி: அமெரிக்கக் குழுவை முதலில் கொண்டாடியது இங்கிலாந்துதான் என்கிறார்களே, உண்மையா?

உண்மை. மன்ஹாட்டனின் மெர்குரி லவுஞ்சில் நிகழ்ச்சிகளை ஏற்பாடு செய்துகொண்டிருந்தவர் ரயன் ஜென்டில்ஸ். பிறகு இவர்களுடைய மேனேஜர் ஆனார். லண்டனில் ரஃப் டிரேட் என்ற இசைத்தட்டு நிறுவனத்தின் ஜெஃப் டிராவிஸுக்கு அவர் போன் போட்டு, குழுவின் மாதிரிப் பதிவைப் போனிலேயே ஓடவிட்டார். டிராவிஸ் சரி என்றுவிட்டார். போனில் கேட்டும் பிடித்துப் போனதில் ஆச்சரியமில்லை, மேலே குரலைப் பற்றிச் சொன்னேனே!

2001 ஜனவரியில் 'த மாடர்ன் ஏஜ்' என்ற மூன்று பாட்டுச் சிறுதட்டு அங்கே வந்தது. என்.எம்.இ. என்ற பிரிட்டிஷ் இசை வார இதழ் தலையில் தூக்கி வைத்துக்கொண்டது. அதைப் பார்த்து அமெரிக்கப் பெரிய இசைத்தட்டுக் கம்பெனிகள் போட்டி போட, ஆர்.சி.ஏ. பிடித்தது. ஆக, ஆல்பம் வருவதற்கு முன்பே 'ராக் இசையின் மீட்பர்கள்' என்று பேச்சு கிளம்பிவிட்டது. இருபது, இருபத்திரண்டு வயதுப் பையன்கள் தலையில் அவ்வளவு பெரிய கிரீடம்.

கேள்வி: வந்த பிறகு விமர்சகர்கள் என்ன சொன்னார்கள்? விற்றதா?

என்.எம்.இ. பத்துக்குப் பத்து கொடுத்தது. ஆர்ப்பாட்டம் செய்ததே அவர்கள்தான் என்பதால் அந்த மார்க்கை நான் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. பிட்ச்ஃபோர்க் என்ற அமெரிக்க இசை இணையதளம் பத்துக்குக் கொடுத்த 9.1தான் கவனிக்க வேண்டியது. நியூயார்க்கின் வில்லேஜ் வாய்ஸ் இதழ் ஆண்டுதோறும் நடத்திய விமர்சகர் வாக்கெடுப்பில் பாப் டிலனுக்கு அடுத்து இரண்டாம் இடம்.

விற்பனை வேறு கதை. பிரிட்டனில் பட்டியலில் இரண்டாம் இடம் வரை போனது. சொந்த நாட்டில் 33க்கு மேல் ஏறவில்லை. அமெரிக்க ரேடியோவில் அப்போது லிம்ப் பிஸ்கிட், லின்கின் பார்க் போன்றவர்களின் ராஜ்யம். தடித்த கிட்டார், ராப் கலந்த கோபம். அதற்கு நடுவே இந்த மெலிந்த சத்தம் எடுபடுவது கஷ்டம்தான்.

கேள்வி: சார், என்னிடம் இருக்கும் சிடியில் 'நியூயார்க் சிட்டி காப்ஸ்' பாட்டு இல்லை. நண்பனிடம் இருப்பதில் இருக்கிறது. என்னுடையது போலியா?

இல்லை சார், உங்களுடையது அமெரிக்கப் பதிப்பு. வெளியீட்டுத் தேதிகளைப் பாருங்கள், புரியும். ஆஸ்திரேலியாவில் ஜூலை 30, பிரிட்டனில் ஆகஸ்ட் 27. அமெரிக்காவில் எல்பி தட்டு கடைக்கு வந்த தேதி 2001 செப்டம்பர் 11. ஆமாம், அதே நாள். சிடி செப்டம்பர் 25 அன்று வருவதாக இருந்தது.

அந்தப் பாட்டின் பல்லவி நியூயார்க் போலீஸ்காரர்களுக்கு அவ்வளவு மூளை கிடையாது என்று கிண்டல் செய்யும். இரட்டைக் கோபுரங்களில் ஏறிய போலீஸ்காரர்களும் தீயணைப்புப் படையினரும் இறந்து கிடக்கும் ஊரில், அதே ஊர்ப் பையன்கள் அதை எப்படி விற்பது? பாட்டை எடுத்துவிட்டு 'வென் இட் ஸ்டார்ட்டட்' என்ற புதுப்பாட்டைச் சேர்த்தார்கள். சிடி அக்டோபர் 9 அன்று வந்தது. எல்பியில் மட்டும் பழைய பாட்டு அப்படியே தங்கிவிட்டது. எடுத்தது சரிதான் என்பது என் எண்ணம். ஆனால் ஆல்பத்திலேயே ஆட்டம் போட வைக்கிற பாட்டு போனதும் உண்மை. நண்பரிடம் வாங்கிக் கேளுங்கள்.

கேள்வி: அட்டைப்படமும் இரண்டு விதமாக இருக்கிறதே?

அது செப்டம்பர் சம்பவத்தால் அல்ல, கடைக்காரர்களுக்குப் பயந்து. மூல அட்டையில் காலின் லேன் எடுத்த படம்: தோல் கையுறை போட்ட கை ஒன்று, ஒரு பெண்ணின் வெற்று இடுப்புக்குக் கீழே பதிந்திருக்கும். அமெரிக்கக் கடைகள் வைக்க மறுக்கும் என்ற பயத்தில், ஐரோப்பாவின் செர்ன் இயற்பியல் ஆய்வகத்தின் குமிழி அறைப் படத்தைப் போட்டார்கள். அணுத்துகள்கள் திரவத்துக்குள் பாயும்போது விட்டுப்போகும் சுருள் தடங்கள். காசபிளாங்காஸுக்கு இதுதான் அதிகம் பிடித்ததாம். எனக்கும்.

கேள்வி: 'லாஸ்ட் நைட்' டாம் பெட்டியின் 'அமெரிக்கன் கேர்ள்' காப்பி என்று ஒரே சண்டை. தீர்ப்புச் சொல்லுங்கள்.

அமெரிக்க ராக் பாடகர் பெட்டியின் அந்தப் பாட்டிலிருந்து ஆரம்பம் எடுத்ததுதான். ஸ்ட்ரோக்ஸே ஒப்புக்கொண்டார்கள். அவர் அதைக் கேட்டுச் சிரித்துவிட்டு, 2006இல் தன் சுற்றுப்பயணத்தில் இவர்களையே முன்னால் வாசிக்க வைத்தார். சொந்தக்காரரே சிரித்துவிட்ட பிறகு நமக்கு எதற்குப் பஞ்சாயத்து?

கேள்வி: பணக்கார வீட்டுப் பிள்ளைகள் ஏழை வேஷம் போட்டார்கள் என்று என் அக்கா சொல்கிறார். சரியா?

அக்கா சொல்வதில் பாதி சரி. காசபிளாங்காஸின் அப்பா எலீட் மாடல் நிறுவனத்தைத் தொடங்கியவர். ஆல்பர்ட்டின் அப்பா 1970களில் பெயர் பெற்ற பாடலாசிரியர் ஆல்பர்ட் ஹாமண்ட். இவர்கள் இருவரும் சந்தித்தது சுவிட்சர்லாந்தில் ல ரோசே என்ற பள்ளியில். அங்கே கட்டணம் என்ன என்று கேட்டால் நமக்கு மயக்கம் வரும். வலென்சியும் டிரம்மர் ஃபாப்ரிசியோ மொரேட்டியும் மன்ஹாட்டனின் தனியார் பள்ளி நண்பர்கள். பேஸ் வாசிக்கும் நிகோலாய் ஃப்ரேச்சர், ஜூலியனின் சின்ன வயசுத் தோழர்.

ஆனால் ஏழை வேஷம் எங்கே போட்டார்கள்? பாட்டுகளில் பசி இல்லை, வாடகைப் பாக்கி இல்லை. பார்ட்டி முடிந்து விடிகாலையில் வீட்டுக்குப் போகிறவனின் சலிப்புதான் இருக்கிறது. ஆல்பத்தின் பெயரே 'இவ்வளவுதானா' என்கிறது, அதிலும் கேள்விக்குறி கிடையாது. எல்லாம் கையில் இருப்பவனுக்கு வருகிற சலிப்பு அது. தெரிந்ததைத்தான் பாடினார்கள்.

கேள்வி: ராக்கைக் காப்பாற்றினார்களா, இல்லையா? ஒரே வரியில்.

ராக் அவர்களுக்காகக் காத்திருக்கவில்லை. டெட்ராய்டின் ஒயிட் ஸ்ட்ரைப்ஸ் அதே கோடையில்தான் 'ஒயிட் பிளட் செல்ஸ்' ஆல்பத்தை வெளியிட்டார்கள்.

ஒரு வரி போதாது, மன்னிக்கவும். காப்பாற்றியதைவிட வழி திறந்துவிட்டார்கள் என்பேன். கம்பெனிகள் கிட்டார் குழுக்களைத் தேட ஆரம்பித்தன. இண்டர்போல், யா யா யாஸ் என்று அதே ஊரிலிருந்து வரிசையாக வந்தார்கள். இங்கிலாந்தின் ஆர்க்டிக் மங்கீஸ் குழுவின் பாடகர் அலெக்ஸ் டர்னர், தானும் ஸ்ட்ரோக்ஸில் ஒருவனாக இருக்க ஆசைப்பட்டதை 2018 ஆல்பத்தின் முதல் வரியாகவே வைத்தார்.

ரோலிங் ஸ்டோன் இதழின் 500 சிறந்த ஆல்பங்கள் பட்டியலில் இது 2003இல் 367ஆம் இடம். 2012இல் 199. 2020இல் 114. அந்த ஆர்ப்பாட்டமெல்லாம் அடங்கி வெகுகாலம் ஆகிவிட்டது, ஆல்பம் மட்டும் ஏறிக்கொண்டே போகிறது.

கேள்வி: இரண்டு தடவை கேட்டும் எனக்கு எதுவும் ஒட்டவில்லை. எங்கிருந்து ஆரம்பிக்கலாம்?

ஒட்டாவிட்டால் குற்றமில்லை. இன்னொரு தடவை முயலலாம் என்றால், பாட்டு வரிகளை மறந்துவிடுங்கள். தலைப்புப் பாட்டில் பேஸை மட்டும் பின்தொடருங்கள். கிட்டார்கள் தாளத்தைப் பிடித்துக்கொள்ள, உண்மையான மெட்டை ஃப்ரேச்சர்தான் நடத்திக்கொண்டு போவார். அடுத்து 'ஹார்ட் டு எக்ஸ்ப்ளைன்'. அதில் டிரம்ஸ் இயந்திரம் போலக் கேட்கும், வாசிப்பது மொரேட்டிதான். பாட்டின் நடுவில் எல்லாம் சட்டென்று நின்றுவிடும். முடிந்துவிட்டது என்று நினைத்து அடுத்த பாட்டுக்குத் தள்ளிவிடாதீர்கள்.