கேலரிக் கேள்வி பதில்

(இந்த இதழ் முதல் கேள்வி கேட்பவர் பெயர் வராது, ஊர் மட்டும் வரும். போன முறை பெயர் போட்டதில் ஒரு வம்பு. "பாட்டிக்கு உடம்பு சரியில்லை" என்று லீவு எழுதிக் கொடுத்துவிட்டு மேட்ச் பார்க்கப் போனதைத் தன் கேள்வியிலேயே ஒருவர் பெருமையாகச் சொல்லியிருந்தார். அவருடைய மேனேஜரும் நம் வாசகர்தான்.)

"சேப்பாக்கம் ரசிகர்கள் விஷயம் தெரிந்தவர்கள்" என்று எந்த வர்ணனையாளர் வந்தாலும் சொல்கிறாரே, நிஜமா? இல்லை, விருந்துக்கு வந்த இடத்தில் "சாம்பார் பிரமாதம்" என்பது மாதிரியா?
— விருதுநகர்

பாதி நிஜம். 1999 ஜனவரி 31, ஞாயிற்றுக்கிழமை. பாகிஸ்தானுக்கு எதிரான டெஸ்ட். 271 எடுத்தால் ஜெயம். முதுகு வலியோடு சச்சின் 136 அடித்துவிட்டு சக்லைன் பந்தைத் தூக்கி அடிக்க, வாசிம் அக்ரம் பிடித்துவிட்டார். அப்போது வேண்டியது 17 ரன், கையில் மூன்று விக்கெட். சொல்லப்போனால் நாங்கள் தூக்கு வாளியை எல்லாம் பையில் கட்டி, வெற்றி ஊர்வலத்துக்குத் தயாராகிவிட்டோம். அடுத்த நாலே ரன்னில் மூன்று பேரும் வரிசையாகத் திரும்பி வந்தார்கள். 12 ரன்னில் தோல்வி.

கொஞ்ச நேரம் ஒரு சத்தமும் இல்லை. அப்புறம் மைதானமே எழுந்து நின்று பாகிஸ்தான் அணிக்குக் கைதட்டியது. அவர்களும் மைதானத்தைச் சுற்றி வந்தார்கள். இதுவரை எல்லாரும் எழுதிவிட்டார்கள். எழுதாதது என் மச்சான் கதை. பக்கத்தில் நின்று கை சிவக்கத் தட்டினான். வாலாஜா ரோட்டிலிருந்து திருவல்லிக்கேணி வீடு வரை ஒரு வார்த்தை பேசவில்லை. ராத்திரி சாப்பிடவில்லை. "அப்புறம் ஏண்டா அப்படித் தட்டினே?" என்று மறுநாள் கேட்டேன். "முன்வரிசையில ஒரு பெரியவர் எழுந்து தட்டினார் மாமா. நாம உட்கார்ந்திருந்தா அசிங்கமா இருக்காதா?" என்றான்.

விஷயம் தெரிந்த கூட்டம் என்றால் இவ்வளவுதான். விஷயம் தெரிந்தவர் ஐம்பது பேர் இருப்பார்கள். மீதிப் பேருக்கு அவர்கள் முன்னால் உட்கார்ந்திருக்க வெட்கமாக இருக்கும். வெட்கம் இருக்கிறவரை அந்தப் பட்டத்தை வைத்துக்கொள்ளலாம்.

இப்போது அந்த வெட்கம் இருக்கிறதா?
— அதே விருதுநகர், அதே கார்டின் பின்பக்கம்

வம்புக்கு இழுக்கிறீர்கள். 2023 ஐபிஎல்லில் நம் சென்னை அணியின் ஜடேஜா சிரித்துக்கொண்டே ஒன்று சொன்னார்: நான் மேலே இறங்கினால், எப்போது அவுட்டாவேன் என்று நம் ஜனங்களே காத்திருப்பார்கள், அடுத்து தோனி வருவாரே! உள்ளூர்க்காரன் அவுட்டாக உள்ளூரே நேர்ந்துகொள்வது உலக கிரிக்கெட்டில் நாம் செய்த புதுமை. அந்த மே மாதக் கடைசியில் அகமதாபாதில் இறுதி ஆட்டம். தோனி முதல் பந்திலேயே அவுட். கடைசி இரண்டு பந்தில் பத்து ரன் வேண்டும். மோகித் சர்மாவை ஒரு சிக்ஸ், ஒரு ஃபோர் அடித்துக் கோப்பையைக் கொண்டுவந்தது யார்? நேர்ந்துகொண்டவர்கள் எல்லாம் மறுநாள் தேங்காய் உடைத்தார்கள். எந்த நேர்த்திக்கடனுக்கு என்று நான் கேட்கவில்லை.

என் வீட்டுக்காரர் ஐந்து நாளும் டெஸ்ட் மேட்ச் பார்க்கிறார். கடைசியில் டிரா. இதில் என்ன சுகம்?
— மன்னார்குடி

அம்மா, உங்களுக்கு டிராவே கசக்கிறது. நான் ஐந்தாம் நாள் முழுக்கக் கேலரியில் வெந்து 'டை' (இரண்டு பக்கமும் சம ரன், யாருக்கும் ஜெயமில்லை) பார்த்தவன். 1986 செப்டம்பர், ஆஸ்திரேலியாவோடு. அந்த மாதத்துப் புழுக்கத்தையும் பக்கிங்காம் கால்வாய் வாசனையையும் மெல்போர்ன் ஆசாமி டீன் ஜோன்ஸ் எப்படித் தாங்கினாரோ! ஆடுகளத்திலேயே வாந்தி எடுத்தார். முடியவில்லை என்றதும் கேப்டன் ஆலன் பார்டர், "அப்படியா, குயின்ஸ்லாந்துக்காரன் ஒருத்தனைக் கூப்பிட்டுக்கொள்கிறேன்" என்கிற மாதிரி சீண்டினாராம். ஊர்ப் பெருமையைத் தொட்டால் எவனுக்கும் ரோஷம் வருமே! 210 அடித்துவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போய் சலைன் ஏற்றிக்கொண்டார். அதே வெயிலில் கிரெக் மேத்யூஸ் என்கிற பிரகிருதி ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு பந்து வீசினார். எங்கள் கேலரியில் அவருக்கு வைத்த பெயரை இந்த இதழில் அச்சிட முடியாது.

348 இலக்கு. கடைசி ஓவர், நாலு ரன், ஒரு விக்கெட். ரவி சாஸ்திரி இரண்டாவது பந்தில் இரண்டு எடுத்தார், மூன்றாவதில் ஒன்று. ஸ்கோர் சமம். இனி தோற்க முடியாது. ஆனால் எதிரே மட்டையோடு நிற்பது பந்து வீச மட்டுமே தெரிந்த மணீந்தர் சிங். நாலாவது பந்து ஒன்றும் ஆகவில்லை. ஐந்தாவது காலில் பட்டது. மேத்யூஸ் கத்தி முடிப்பதற்குள் அம்பயர் விக்ரம் ராஜு விரலைத் தூக்கிவிட்டார். மட்டையில் பட்டதா என்று மணீந்தர் தரப்பில் இன்றுவரை வழக்கு நடக்கிறது. எனக்குப் பின்னால் இருந்த ஒருவர் ஜெயித்ததாக நினைத்து ஆடினார். அவருக்குப் பின்னால் இருந்தவர் தோற்றதாக நினைத்து அழுதார். இரண்டு பேரும் ஒரே பஸ்ஸில் வந்தவர்கள்.

சாஸ்திரி அந்த ஒரு ரன்னை எடுத்திருக்கலாமா கூடாதா என்பதில் என் வீட்டில் 1986லிருந்து ஒற்றுமை இல்லை. எடுத்தது சரி என்பது என் கட்சி. தோல்வியைக் கதவுக்கு வெளியே நிறுத்திவிட்டுத்தான் மற்றதை யோசிக்க வேண்டும். "அப்படி யோசிச்சுத்தான் நீங்க பேங்க்ல கிளார்க்காவே ரிட்டயர் ஆனீங்க" என்பது மச்சான் கட்சி.

உங்கள் வீட்டுக்காரரிடம் சண்டை வேண்டாம். ஐந்து நாள் ஒரே இடத்தில் உட்கார்ந்திருக்கிற மனிதரை இந்தக் காலத்தில் எங்கே தேடுவீர்கள்?

உலகத்திலேயே பொறுமையான ஆட்டக்காரர் யார்?
— திருவாரூர்

எல்லாரும் கவாஸ்கர் என்பார்கள். 1975 ஜூன் 7, முதல் உலகக் கோப்பையின் முதல் நாள், லார்ட்ஸ். இங்கிலாந்து 60 ஓவரில் 334. நம்மவர் கடைசிவரை நின்று, 174 பந்தில் ஆட்டமிழக்காமல் 36. மொத்தம் மூன்றே விக்கெட் இழப்பு. மற்றவர்களைப் பத்திரமாகப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டு 202 ரன்னில் தோற்றோம்.

என் ஓட்டு கவாஸ்கருக்கு இல்லை. அன்று கேப்டனாக இருந்து அதை முழுதும் பார்த்த நம் வெங்கட்ராகவனுக்குத்தான். பிற்பாடு அவர் அம்பயராகி 73 டெஸ்டில் நின்றார். எது நடந்தாலும் முகம் மாறாது. அந்தப் பயிற்சி லார்ட்ஸில் ஒரே நாளில் கிடைத்திருக்க வேண்டும்.

வியர்வையே வராத செஸ்ஸை எப்படி விளையாட்டு என்று ஒப்புக்கொள்வது?
— சேலம்

2024 டிசம்பர் 12, சிங்கப்பூர், உலக சாம்பியன் போட்டியின் பதினாலாவது ஆட்டம். அதைப் பார்த்துக்கொண்டிருந்த எனக்கு வியர்த்தது, போதுமா? டிராவில் முடியும் என்று மச்சான் குளிக்கப் போய்விட்டான். 55வது நகர்த்தலில் அதுவரை சாம்பியனாக இருந்த டிங் லிரென் யானையைத் தப்பான கட்டத்தில் கொண்டுபோய் வைத்தார். ஆனைக்கும் அடி சறுக்கும் என்று நம் பாட்டிகள் சொன்னது செஸ்ஸுக்கு என்று அன்றுதான் புரிந்தது. குகேஷுக்கு விழி பிதுங்கியது. தண்ணீர் குடித்தார். மறுபடி பார்த்தார். பதினெட்டு வயதுப் பையன், உலக சாம்பியன் ஆகிவிட்டான். கண்ணைத் துடைத்துக்கொண்டே என்ன செய்தான் தெரியுமா? காய்களை ஒவ்வொன்றாக எடுத்து, பழையபடி அதனதன் கட்டத்தில் வைத்தான். நான் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டேன். ஸ்டம்பைப் பிடுங்கிக்கொண்டு ஓடுகிறவர்களைப் பார்த்தே வளர்ந்தவன் நான்.

அப்புறம், அவர் எடுத்த புள்ளி ஏழரை. ஏழரை பிடித்து யோகம் அடித்த வேறு யாரையும் எனக்குத் தெரியாது. மச்சான் குளித்துவிட்டு வந்து, "என்ன, டிராதானே?" என்றான்.

ஹாக்கி என்று ஒரு விளையாட்டு இருப்பது உங்களுக்குத் தெரியுமா?
— கோவில்பட்டி

அடி சரியான இடத்தில் விழுந்தது. உங்கள் ஊரில் பையன்கள் நடக்கப் பழகும்போதே மட்டையைப் பிடிக்கிறார்கள், நான் ஒரு வரி எழுதவில்லை. 1980 மாஸ்கோவில் தங்கம் வாங்கிய அணிக்குக் கேப்டன் நம் பாஸ்கரன். அடுத்த ஒலிம்பிக் பதக்கம் 2021ல், டோக்கியோவில், ஜெர்மனியை 5-4 என்று வென்று கிடைத்த வெண்கலம். 41 வருஷம்! அந்த வெண்கலம் வந்த அன்று எங்கள் தெருப் பையன் ஒருவன் கேட்டான்: "அங்கிள், ஹாக்கியில தோனி யாரு?" இப்படிப்பட்ட தெருவில் குடியிருக்கிறேன், மன்னித்துவிடுங்கள்.

டி.வி.யில் தமிழ் வர்ணனை எப்படி இருக்கிறது?
— புதுக்கோட்டை

கலகலப்பாக இருக்கிறது, கல்யாண வீட்டுப் பந்தி மாதிரி. பந்து என்ன ஆயிற்று என்பதைத்தான் பக்கத்து இலைக்காரரைக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியிருக்கிறது. ரேடியோவில் அப்துல் ஜப்பார் பேசும்போது எனக்கு எல்லாம் தெரிந்தது. யார் எங்கே நிற்கிறார், பந்து எந்தப் பக்கம் போகிறது, துரத்துகிறவர் எட்டுவாரா மாட்டாரா, அத்தனையும். இன்று படமே காட்டுகிறார்கள். அதோடு ஒரு நடிகரின் அடுத்த படத்தைப் பற்றியும் சொல்கிறார்கள்.

கபடியில் நம் தமிழ் தலைவாஸ் அணி எப்போது கோப்பை வாங்கும்?
— தேனி

முதலில் அந்தப் பெயரைச் சரி செய்யட்டும். 'தலைவர்கள்' என்று ஒரு நல்ல பன்மை சும்மா கிடக்க, 'தலைவாஸ்' எதற்கு? சடுகுடு பாடிப் போன ஊர்க்காரன் மூச்சு அந்த 'ஸ்'ஸிலேயே பாதி போய்விடுகிறது.

எல்லாப் பதிலிலும் என்னை ஏன் இழுக்கிறீர்கள், மாமா?
— திருவல்லிக்கேணி

1986ல் நீ எனக்குச் சிநேகிதன் மட்டும். அந்த ஐந்து நாள் சீசன் டிக்கெட்டை உனக்கும் சேர்த்து நான்தான் வாங்கினேன். பிற்பாடு அக்காவைக் கொடுத்தாய். டிக்கெட் காசு இன்னும் வரவில்லை.